இசைக்காரர் பெயர் எங்கே?

சென்ற மாதம் இந்நகரில் ஒரு திரைப்படக் கழகத்தார் ஸ்வீடன் நாட்டு டைரக்டர் இங்மார் பெர்க்மனின் 'ஏழாவது முத்திரை' படத்தைத் திரையிட்டார்கள். இரவு டியூட்டியை நண்பர் ஒருவரிடம் மாற்றிக் கொண்டு போய்ப் பார்த்தேன். வாசலில் ஒரு தாள் கொடுத்தார்கள். டைரக்டர், நடிகர்கள், காமிராமேன் எல்லோர் பெயரும் அதில் இருந்தன. இசையமைத்தவர் பெயர் மட்டும் இல்லை. கேட்டதற்கு, "பெர்க்மன் படத்தில் இசை ஏது சார்?" என்று பதில் வந்தது.

இது நியாயமான பதில்தானா?

அந்தப் படத்துக்கு இசையமைத்தவர் எரிக் நார்ட்கிரென். 1957-ல் வெளியான படம் அது. ஆரம்பத்தில் வானம் தெரியும்போதே கோரஸ் எழுந்து நம்மை உலுக்கி விடுகிறது. நடுவில் ஒரு காட்சி. கூத்தாடிகள் கிராமத்து மேடையில் வேடிக்கையாகப் பாடிக் கொண்டிருக்கிறார்கள். அப்போது, கொள்ளை நோய்க்குப் பயந்து தங்களைத் தாங்களே சவுக்கால் அடித்துக் கொண்டு ஒரு கூட்டம் வருகிறது. இறுதித் தீர்ப்பு நாளைப் பற்றிய பழைய லத்தீன் கீதம் ஒலிக்க, வேடிக்கைப் பாட்டு அப்படியே நின்று போகிறது. சிரித்துக் கொண்டிருந்த ஜனங்களின் முகம் மாறுகிறது. அந்த ஒலியை எடுத்து விட்டால் அந்தக் காட்சியில் பாதிதான் மிஞ்சும்.

நார்ட்கிரென் 1913-ல் ஸ்வீடனின் தென்கோடியான ஸ்கோனே பகுதியில் பிறந்தவர். ஸ்டாக்ஹோம் ராயல் சங்கீதக் கல்லூரியில் படித்தவர். 1953 முதல் 1967 வரை ஸ்வென்ஸ்க் ஃபிலிம் இண்டஸ்ட்ரி என்ற பெரிய படக் கம்பெனியில் இசைப் பிரிவின் தலைவர். அதாவது நம்மைப் போல் ஒரு ஸ்தாபனத்தில் உத்தியோகம் பார்த்தவர். 'மோனிகாவுடன் ஒரு கோடை', 'ஒரு கோடை இரவின் புன்னகைகள்', 'காட்டு ஸ்ட்ராபெரிகள்', ஆஸ்கார் பரிசு பெற்ற 'கன்னி ஊற்று' எல்லாம் அவர் இசையமைத்த பெர்க்மன் படங்களே.

கழகத்துக்காரர் சொன்னதில் கொஞ்சம் உண்மை இருக்கிறது என்பதையும் ஒப்புக் கொள்ள வேண்டும். 1960-க்குப் பிறகு பெர்க்மன் படங்களில் பின்னணி இசை குறைந்து கொண்டே போயிற்று. 1961-ல் வெளியான படத்தில் பாக் எழுதிய செல்லோ இசையைக் கையாண்டார். 1963-ல் வந்த 'குளிர்கால ஒளி'யில் மாதா கோயில் பாட்டையும் ஆர்கனையும் தவிர வேறு இசையே கிடையாது என்று சொல்லலாம். பின்னால் வந்த அந்த மௌனத்தைக் காட்டி, முன்னால் உழைத்தவரின் பெயரை அடித்து விடுவது என்ன நியாயம்?

நார்ட்கிரென் அதோடு ஓய்ந்து விடவும் இல்லை. யான் ட்ரோயல் என்ற டைரக்டருக்கு 1966-லும் 1971-லும் இசையமைத்தார். 1971-ல் வந்த 'குடியேறிகள்', கல்லும் கரம்புமான நிலத்தில் பிழைக்க வழியின்றி அமெரிக்காவுக்குக் கப்பலேறிய ஸ்வீடன் விவசாயிகளின் கதை. பிழைப்பைத் தேடி ஊரை விட்டு வந்தவர்களுக்கு அந்தப் படத்தைப் பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை. 1992-ல் நார்ட்கிரென் காலமானார்.

வண்டி நேரத்துக்கு வந்தால் டிரைவரைக்கூட ஒருவர் இருவர் பாராட்டுவார்கள். பாயிண்ட்ஸ்மேனை யார் நினைக்கிறார்கள்? வண்டி தடம் புரண்டால்தான் அவன் பெயர் ரிப்போர்ட்டில் ஏறும். பின்னணி இசைக்காரர் கதியும் அதுதான். இசை இரைச்சலாக இருந்தால் திட்டுகிறோம். படத்தோடு இழைந்து போனால் மறந்து விடுகிறோம்.

நல்ல படங்களை நமக்குக் காட்டும் கழகத்தாரிடம் எனக்குக் கோபமில்லை. அவர்கள் செய்வது பெரிய தொண்டு. ஆனால் அடுத்த முறை தாள் அச்சடிக்கும்போது "இசை" என்று ஒரு வரி சேர்த்தால் செலவு ஒன்றும் கூடி விடாது. செய்வார்களா?