வேலிக்கு அப்பால் ஒரு விளையாட்டுத் தோழன்

நமது தமையனாரின் மகன் விடுமுறை கழித்து இலண்டன் மாநகருக்குத் திரும்புமுன், நம் சிறுவனுடைய கணினியில் ஒரு மென்பொருளை இட்டுச் சென்றான். ஞாயிறுதோறும் மாலையில் இருவரும் கூடி வேட்டையாடுவதென்பது உடன்பாடு. வேட்டை என்றதும் வாசகர்கள் அஞ்ச வேண்டாம். ‘மொன்ஸ்டர் ஹண்டர்’ என்னும் விளையாட்டிலே, நால்வர் வரை ஒன்றுசேர்ந்து ஒரு பெருவிலங்கை எதிர்க்கும் வேட்டையே அது.

முதல் ஞாயிறு வந்தது. “அண்ணா, கூடத்தில் என்னைத் தவிர ஒருவரும் இல்லையே!” என்றான் இவன். “தம்பி, இங்கும் நான் தனியேதான் நிற்கிறேன்” என்று தொலைபேசியில் மறுமொழி வந்தது. அடுத்த இரு ஞாயிறுகளும் அவ்வாறே கழிந்தன. மூன்றாம் நாளிரவு சிறுவன் உண்ணாமலே உறங்கச் சென்றான். விளையாட்டுத்தானே என்று அதுவரை வாளாவிருந்த நமக்கு, அவன் வாரமெல்லாம் காத்திருந்தது அண்ணனுக்காக என்பது அன்றுதான் விளங்கிற்று. பின்னர் நாமும் அவனும் ஒரு வாரம் முயன்று கற்றவற்றை, இதே இடர்ப்பாட்டில் உள்ள குடும்பங்களுக்காக இங்கு எடுத்துரைக்கின்றோம்.

சோனி நிறுவனத்தார் 2004 டிசெம்பரில் ஜப்பானில் வெளியிட்ட கையடக்கப் பொறி ‘பிளேஸ்டேஷன் போர்ட்டபிள்’. அதன் விளையாட்டுகள் பலவற்றில் கூடி ஆடும் முறைக்கு ‘அட்ஹொக்’ என்று பெயர். அருகருகே இருக்கும் பொறிகள் இணையத்தின் துணையின்றித் தமக்குள்ளேயே கம்பியின்றிப் பேசிக்கொள்ளும். எனவே, ஆட விரும்புவோர் ஓரிடத்தில் கூடியே ஆகவேண்டும். பழைய பொறியின் வேலையைக் கணினியிலும் கைத்தொலைபேசியிலும் செய்துகாட்டும் மென்பொருளை ‘எமியுலேற்றர்’ என்பர். அவ்வகையில் 2012 நவம்பரில் ஹென்றிக் ரிட்கோர்ட் என்பார் வெளியிட்டது பீ.பீ.எஸ்.எஸ்.பீ.பீ. இதனை விலையின்றிப் பெறலாம். விளையாட்டுகள் இதனுடன் வருவதில்லை. தாம் விலைகொடுத்து வாங்கிய தட்டிலிருந்தே அவற்றை எடுத்துக்கொள்ளுதல் முறை.

இம்மென்பொருள் அட்ஹொக் பேச்சை இணையத்தின் வழியே அனுப்புகின்றது. விளையாட்டோ, தோழன் அருகே அமர்ந்திருப்பதாகவே நம்பும். அந்த நம்பிக்கை கலையாமல் காப்பதே நாம் செய்யவேண்டிய வேலை.

முதற்கண், இருவரிடமும் ஒரே நாட்டுப் பதிப்பாகிய ஒரே விளையாட்டு இருத்தல் வேண்டும். ஜப்பானியப் பதிப்பும் ஐரோப்பியப் பதிப்பும் ஒன்றையொன்று அறியா. மென்பொருளின் பதிப்பும் ஒன்றாயிருத்தல் நன்று. அடுத்து, ‘செட்டிங்ஸ்’ பகுதியில் ‘நெட்வேர்க்கிங்’ என்பதைத் திறந்து, வலையமைப்பை இயக்குக. இருவரில் ஒருவர் மட்டும் அங்குள்ள உள்ளமைந்த அட்ஹொக் சேர்வரையும் இயக்கவேண்டும். இந்தச் சேர்வர் கலியாணத் தரகரைப் போன்றது. இன்னார் இங்கே உள்ளார் என்று அறிமுகம் செய்துவைக்கும். அதன்பின் இருவரும் நேரே பேசிக்கொள்வர். சேர்வரை நடத்துபவர் முகவரிக் கட்டத்தில் ‘லோக்கல்ஹோஸ்ட்’ என்று இடுக. மற்றவர் அவருடைய ஐ.பி. முகவரியை இடுக. ‘போர்ட் ஒஃப்செட்’ என்னும் எண் இருபுறமும் ஒன்றாகவே இருத்தல் வேண்டும்.

ஒரே வீட்டிலாயின் இத்துடன் வேலை முடிந்தது. வேறு வேறு வீடுகளாயின் இடையே ஒரு தடையுண்டு. வீட்டு ரவுட்டர் நம் வளவைச் சுற்றிய கிடுகுவேலி போன்றது. உள்ளிருந்து வெளியே போவதைத் தடுக்காது. அழையாதார் உள்ளே வருவதைத் தடுக்கும். தோழன் வர வேலியிலே ஒரு பொட்டு வைக்கவேண்டும். இதனையே ‘போர்ட்’ திறத்தல் என்பர். சேர்வருக்கு உரியது 27312 ஆம் எண். விளையாட்டுக்கு உரியவை வேறு. இவற்றைத் தாமே திறக்குமாறு ரவுட்டரைக் கேட்கும் ‘யூ.பீ.என்.பீ.’ என்னும் வசதியும் அதே பகுதியில் உண்டு. இருவரும் நேரே பேசவேண்டியிருப்பதால், இதனை இருபுறமும் இயக்குக. கணினியின் காவல் மென்பொருள் அனுமதி கேட்டால் அளிக்கவும் வேண்டும். சில இணைய நிறுவனங்கள் பல வீடுகளுக்கு ஒரே பொது முகவரியைப் பங்கிட்டளிக்கின்றன. அங்ஙனமாயின் பொட்டு வைக்க இயலாது. ‘சீரோரியர்’ போன்ற மென்பொருளால் இரு கணினிகளையும் ஒரே வீட்டு வலையில் உள்ளவைபோல இணைத்துக்கொள்ளலாம்.

இத்தனையும் செய்தோம், கூடம் வெறுமையாகவே கிடந்தது. ஈற்றில் சிறுவனே காரணத்தைக் கண்டான். ஒவ்வொரு பொறிக்கும் ‘மக்’ முகவரி என்று தனியடையாளம் ஒன்றுண்டு. எமியுலேற்றர் அதனைத் தன் அமைப்புக் கோப்பிலே எழுதி வைத்துக்கொள்கின்றது. அண்ணன் தன் கணினியிலிருந்த கோப்புறை முழுவதையும் பென்ட்ரைவில் எடுத்து, அப்படியே தம்பியின் கணினியில் இட்டிருந்தான். அன்பினால் செய்ததுதான். ஆயினும் அடையாளமும் உடன்வந்துவிட்டது. இருவரும் ஒருவரே என்று விளையாட்டு எண்ணிக்கொண்டால், யாரை யாருக்குக் காட்டும்? மக் முகவரியை மாற்றும் இடத்தை ஒருமுறை அழுத்தினோம், குறை தீர்ந்தது. மற்றெல்லாம் ஒத்திருக்க, இஃதொன்று மட்டும் வேறுபட்டிருத்தல் வேண்டும் என்பதை மாணவர்கள் மனத்திற் கொள்க.

தூரத்தை வெல்ல இயலாது. கண்ணாடி இழையில் ஒளி ஒரு செக்கனுக்கு ஏறக்குறைய 2,00,000 கிலோமீற்றர் செல்லும். கொழும்பிலிருந்து இலண்டன் நேர்க்கோட்டிலேயே ஏறத்தாழ 8,700 கிலோமீற்றர். போய்வரச் செக்கனின் பன்னிரண்டிலொரு பங்காவது செல்லும். கேபிளோ நேர்க்கோட்டிற் செல்வதில்லை. ஆதலால், இமைப்பொழுதில் அடிக்கு அடி கொடுக்கும் சண்டை விளையாட்டுகளை விடுத்து, ஆறுதலாக ஆடுவனவற்றைத் தெரிவது அறிவுடைமை. ஆடும்போது ஒருவர் நேரத்தை நிறுத்துதலோ விரைவுபடுத்துதலோ கூடாது. மற்றவரின் நேரம் அவருக்காக நிற்பதில்லை.

பெற்றோருக்கும் ஒரு சொல். ஐ.பி. முகவரி வீட்டு முகவரியை ஒத்தது; அறிந்தவர்க்கன்றி ஈயற்க. கையாலே திறந்த பொட்டை, ஆடி முடிந்ததும் கையாலேயே அடைத்துவிடுக. பிள்ளைகள் யாருடன் ஆடுகிறார்கள் என்பதை அருகிருந்து அறிந்துகொள்க.

நான்காம் ஞாயிறு மாலை, “அண்ணா, வந்துவிட்டீர்களா!” என்ற கூவல் அடுக்களை வரை கேட்டது. அன்று விலங்கு வீழவில்லை. இருவரும் மும்முறை தோற்றார்கள். ஆயினும் சிறுவன் வயிறார உண்டான்.