மரத்தரை: ஆணியா, பசையா, மிதக்க விடறதா?

டொரண்டோ பக்கம் வீடு வாங்கற நம்மாளுங்க முதல்ல செய்யறது கார்ப்பெட்டைப் பிடுங்கிட்டு மரத்தரை போடறதுதான். நல்லது, தூசி குறையும். ஆனா ஓக்கா மேப்பிளான்னு கடையில ரெண்டு மணி நேரம் நிக்கறவங்க, அதை எப்படிப் பதிக்கப் போறாங்கன்னு ரெண்டு நிமிஷம் கேக்கறதில்லை. என்னைக் கேட்டா மரத்தை விட அதுதான் முக்கியம்.

மேல் தளங்கள்ல அடியில பிளைவுட் இருக்கும். அங்க முக்கால் அங்குல சாலிட் மரத்தை ஆணி அடிச்சே போடுங்க. பழசானா இழைச்சு பாலீஷ் பண்ணிக்கலாம். பேஸ்மென்ட்டும் காண்டோவும் வேற கதை. அடியில கான்கிரீட். பேஸ்மென்ட்ல கீழேயிருந்து ஈரமும் ஏறும். அங்க அடுக்கடுக்கா ஒட்டின எஞ்ஜினியர்டு பலகைதான் சரி. பசை போட்டு ஒட்டினா காலுக்குக் கெட்டியா இருக்கும், ஆனா ஒரு பலகை கெட்டா பெயர்க்கறது பெரும்பாடு. ஒண்ணோட ஒண்ணு மாட்டி, அடியில விரிப்புப் போட்டு மிதக்க விட்டா நடக்கறப்போ லேசா சத்தம் வரும், ஆனா நாமே போட்டுக்கலாம். என் ஓட்டு மிதக்கறதுக்கே. காண்டோன்னா சத்தம் தடுக்கற விரிப்புக்கு என்ன விதின்னு நிர்வாகத்துக்கிட்ட எழுத்துல வாங்கிட்டு ஆரம்பிங்க.

குளிர்காலத்துல ஹீட்டர் ஓட ஓட மரம் சுருங்கும், கோடையில உப்பும். அதனால சாலிட் மரத்துக்குச் சுவரோரம் முக்கால் அங்குலம் இடைவெளி விடணும். பலகையை வீட்டுக்குள்ள சில நாள் வெச்சு, ஈரமானியால பலகையையும் பிளைவுட்டையும் அளக்கணும். வித்தியாசம் 4 சதவீதத்துக்குள்ள இருக்கணும், அகலப் பலகைன்னா 2. ஈரமானி இல்லாம வர்ற ஆளை நான் உள்ளயே விடமாட்டேன். பேப்பர் பார்க்காம எந்த பேங்க்ல லோன் தர்றாங்க?

இப்ப வம்பான விஷயத்துக்கு வர்றேன். ஊர்ல கட்டற வீட்டுக்கும் இதே தரை வேணுமாம்! எங்க எருத்தேன்பதி பக்கம் மழை மறைவுப் பிரதேசம். பங்குனி சித்திரையில காய்ஞ்சு கிடக்கும், ஆனியில பாலக்காட்டுக் கணவாய் வழியா ஈரக்காத்து அடிக்கும். கரையானைப் பத்திச் சொல்லவே வேண்டாம். கோடையில தண்ணிக்குத் திண்டாடற ஊர்தான், ஆனாலும் வெள்ளிக்கிழமைன்னா ஹாலைக் கழுவி விடாம எந்த அம்மா இருப்பாங்க? நாம இருக்கப் போறது வருஷத்துல ஒரு மாசம். மத்த பதினோரு மாசமும் அந்தத் தரையில நடக்கறது, குனிஞ்சு துடைக்கறது அப்பா அம்மாதான். ஈரத் துணி போடாதீங்கன்னு ஃபோன்ல அதட்டிக்கிட்டு இருக்கப் போறோமா?

பத்மநாபபுரம் அரண்மனையைப் பார்த்திருப்பீங்க. தூண், கூரை, மச்சு எல்லாம் மரம். ஆனா கண்ணாடி மாதிரி மின்னற அந்தக் கருப்புத் தரை மரம் இல்லை. சுண்ணாம்போட சிரட்டைக்கரி, முட்டை வெள்ளைக்கரு எல்லாம் சேர்த்துப் போட்டதுன்னு சொல்றாங்க. மரத்துக்கு என்ன பஞ்சம் ராஜாவுக்கு?

கீழ ரெட் ஆக்சைடோ ஆத்தங்குடிக் கல்லோ போடுங்க. மரம் இல்லாம மனசு ஆறலைன்னா மாடியில ஒரு ரூமுக்கு மட்டும் எஞ்ஜினியர்டு பலகையை ஒட்டிக்கங்க. கரையான் மருந்தை மட்டும் அஸ்திவாரம் தோண்டறப்பவே மண்ணுல அடிக்கச் சொல்லிடுங்க, மேஸ்திரி அப்புறம் பார்த்துக்கலாம்னு இழுத்தா விடாதீங்க.