துணிவு அமர்ந்த நாற்காலி

'என்னைக் கவர்ந்த தலைவர்' என்ற தலைப்பில் ஒரு கட்டுரையாவது எழுதாமல் நம்மில் பெரும்பாலோர் பள்ளிப் பருவத்தைக் கடந்திருக்க மாட்டோம். பிறப்பு, போராட்டம், சாதனை, முடிவில் ஒரு பாராட்டு. நானும் அப்படித்தான் எழுதிப் பழகினேன். அந்த வாய்பாட்டைச் சந்தேகிக்கக் கற்றுத் தந்தவர், பல்கலைக்கழக வரலாற்றுப் பாடத்தில் நான் சந்தித்த ஓர் அமெரிக்கர். பெயர் லூசியஸ் லமார்.

லமார் 1825இல் ஜார்ஜியா மாநிலத்தில் பிறந்தவர், வழக்கறிஞர். மிசிசிப்பி மாநிலத்தில் குடியேறி, பருத்தித் தோட்டமும் அடிமைகளும் வைத்திருந்தார். 1857இல் நாடாளுமன்ற உறுப்பினரானார். 1861 ஜனவரியில், அமெரிக்காவை விட்டு மிசிசிப்பி பிரிந்து செல்வதாக அறிவித்த தீர்மானத்தை வரைந்தவரும் அவரே. அடிமை முறையைக் காப்பதற்காகவே பிரிகிறோம் என்பதை அம்மாநிலம் மறைக்கவும் இல்லை. உள்நாட்டுப் போர் மூண்டதும் தென் மாநிலப் படையில் அதிகாரியாகப் போரிட்டார். தென் தரப்பு தோற்றது.

லமாரின் புகழ் அதன் பிறகுதான் வளர்ந்தது. அடிமை முறையைக் கடுமையாக எதிர்த்த வட மாநில செனட்டர் சார்ல்ஸ் சம்னர் 1874இல் காலமானார். 1856இல் செனட் அவைக்குள்ளேயே தென் மாநில உறுப்பினர் ஒருவரால் கைத்தடியால் அடித்து வீழ்த்தப்பட்டவர் சம்னர். அவரைத் தென் மாநிலத்தவரான லமார் புகழ்ந்து பேசி, வடக்கும் தெற்கும் பகை மறந்து இணைய வேண்டும் என்றபோது நாடே வியந்தது. 1878இல், வெள்ளி நாணய மசோதாவை ஆதரிக்கும்படி அவரது மாநிலச் சட்டமன்றம் உத்தரவிட்டது. லமார் மனசாட்சிப்படி எதிர்த்து வாக்களித்தார்.

ஜான் எஃப். கென்னடி 1956இல் வெளியிட்டு, புலிட்சர் பரிசும் பெற்ற நூலில், துணிச்சல் மிக்க எட்டு செனட்டர்களில் ஒருவராக லமாரைச் சேர்த்தார். பள்ளிக் கட்டுரை என்றால் இங்கே முற்றுப்புள்ளி வைத்திருப்பேன்.

ஆனால், இடையில் 1875ஆம் ஆண்டு இருக்கிறது. போருக்குப் பின் விடுதலையும் வாக்குரிமையும் பெற்ற கறுப்பினத்தவரே மிசிசிப்பி மக்கள்தொகையில் பெரும்பான்மையினர். அவ்வாண்டுத் தேர்தலில் ஆயுதம் தாங்கிய வெள்ளையர் குழுக்கள் அவர்களை மிரட்டின, பலரைக் கொன்றன. லமாரின் ஜனநாயகக் கட்சி வென்றது. அதற்காகப் பிரசாரம் செய்தவர்களில் அவரும் ஒருவர். அக்காலத்தில் செனட்டர்களைத் தேர்ந்தெடுத்தவை மாநிலச் சட்டமன்றங்கள். அந்தத் தேர்தலில் அமைந்த சட்டமன்றம்தான் 1876இல் லமாரை செனட்டுக்குத் தேர்ந்தெடுத்தது. 1878இல் அவர் எந்த நாற்காலியில் அமர்ந்து மனசாட்சியைப் பற்றிப் பேசினாரோ, அந்த நாற்காலி வந்த வழி இதுதான்.

அதே செனட்டில் மிசிசிப்பியின் இன்னோர் உறுப்பினராக இருந்தவர் பிளான்ச் புரூஸ். அடிமையாகப் பிறந்த கறுப்பினத்தவர். அவரது பதவிக்காலம் 1881இல் முடிந்தது. அதன் பிறகு கறுப்பினத்தவர் ஒருவர் அமெரிக்க செனட்டில் நுழைய 1967வரை காத்திருக்க வேண்டியிருந்தது. லமாரோ அமைச்சராகி, உச்ச நீதிமன்ற நீதிபதியாகவே 1893இல் மறைந்தார். வடக்கும் தெற்கும் கைகுலுக்கிக்கொண்டபோது, அதன் விலையைக் கொடுத்தவர்கள் கறுப்பினத்தவர்கள்.

1875இல் மிசிசிப்பி ஆளுநராக இருந்தவர் அடெல்பர்ட் ஏம்ஸ். கென்னடியின் நூல் தம் தந்தையையும் அக்காலத்தையும் தவறாகக் காட்டுகிறது என்று ஏம்ஸின் மகள் கென்னடிக்குக் கடிதங்கள் எழுதினார். பலனில்லை. எண்பது வயதைக் கடந்த பிறகு, 1964இல், தந்தையின் வரலாற்றைத் தாமே நூலாக வெளியிட்டார்.

லமாரின் துணிவு பொய் என்று நான் சொல்லவில்லை. சம்னருக்காகப் பேசவும் சொந்த மாநிலத்தின் கட்டளையை மீறவும் உண்மையிலேயே துணிவு வேண்டும். ஆனால், துணிவு வேறு, நீதி வேறு. ஒன்று இருக்கும் இடத்தில் மற்றொன்றும் இருக்கும் என்று நாமாகவே எண்ணிக்கொள்கிறோம்.

இளையர்களே, அடுத்த முறை ஒரு தலைவரைப் பற்றி எழுதும்போது, படைப்புரை தயாரிக்கும்போது, சாதனைப் பட்டியலோடு ஒரு கேள்வியையும் சேர்த்துக்கொள்வோம்: இவர் உயர்ந்தபோது யாருடைய குரல் அடங்கியது? மதிப்பெண் கூடுமா என்று தெரியாது. ஆனால், நாம் எழுதுவது அப்போதுதான் வரலாறாகும்.