நிழல் இருக்கிறது, உட்காருங்கள்!



மே மாதம் பிறந்ததும் அக்னி நட்சத்திரம் வந்துவிடும். அந்த நாட்களில் பல வீடுகளில் குளிர்ச்சியான இடம், கொல்லைப்புறத்து வேம்போ மாமரமோ நிற்கும் மூலைதான். ஆனால், உடைந்த தொட்டியும் மிச்சப்பட்ட செங்கல்லும் காய்ந்த மட்டையும் குவிந்து கிடப்பதும் அங்கேதான். வெயில் படாத இடத்தில் என்ன வளரும் என்று கைவிட்டுவிடுகிறோம். பல ஆண்டுகள் காத்திருந்து மரம் தந்த நிழல் அது. எந்தக் கடையிலும் வாங்க முடியாது.

அந்த மூலையை உட்காரும் இடமாக்க, முதலில் சுத்தம். குப்பைக்குள் தேளோ பாம்போ இருக்கலாம். பகலில், ஷூ போட்டுக்கொண்டு, கம்பால் தட்டிவிட்டுக் கிளறுங்கள். சிரட்டை, டயர் எதிலும் தண்ணீர் தேங்க வேண்டாம். டெங்குவைப் பரப்பும் ஏடிஸ் கொசு, முட்டையிலிருந்து பறக்கும் பருவத்துக்கு வர 7 முதல் 10 நாட்கள் போதும். கொசு கடிக்கிற இடத்தில் யாரும் உட்கார மாட்டார்கள்.

தரைக்கு சிமென்ட் பூசாதீர்கள். மணல் பரப்பிச் செங்கல் பதித்தால் மழைநீர் உள்ளே இறங்கும். வேருக்கும் காற்று கிடைக்கும். அடிமரத்தில் மண் அணைத்தால் பட்டை அழுகும், அதையும் தவிர்த்துவிடுங்கள். இரண்டு பக்கம் செங்கல் கட்டி, மேலே ஒரு கருங்கல் பலகை போட்டால் இருக்கை தயார். உயரம் ஒன்றரை அடி இருக்கட்டும். பெரியவர்கள் சிரமமில்லாமல் எழுந்திருக்கலாம். மதிலுக்கு வெள்ளையடித்தால் மூலைக்கு வெளிச்சம் கூடும்.

ரோஜாவும் மல்லிகையும் வெயில் கேட்கிற செடிகள். நிழலுக்கு வேறு சொந்தங்கள் உண்டு: வெற்றிலைக்கொடி, பெரணி, மணிபிளான்ட், சிங்கோனியம். இவற்றை வைத்தால் பச்சை குறையாது.

இதற்கெல்லாம் பெரிய செலவில்லை. இரண்டு ஞாயிற்றுக்கிழமைகள் ஒதுக்கினால் போதும். இருக்கை மட்டும் ஒருவருக்கானதாக இருக்க வேண்டாம். திண்ணை இல்லாத வீடுகளில் அக்கம்பக்கத்தாரோடு பேச இடமில்லாமல் போய்விட்டது. சாயங்காலம் தாத்தா பேப்பர் படிக்கவும், பிள்ளைகள் பாடம் எழுதவும், பக்கத்து வீட்டு அக்கா கீரை ஆய்ந்தபடி கதை பேசவும் அந்த மூலை பயன்படட்டும்.

உங்கள் வீட்டு நிழல் மூலையை என்ன செய்தீர்கள், எந்தச் செடி செழித்தது, எது வாடியது? எங்களுக்கு எழுதுங்கள், படமும் அனுப்புங்கள். உங்கள் அனுபவம் இன்னொரு வீட்டுக்கு வழிகாட்டும்.

அன்புடன்,
ஆசிரியர்