மாற்றல் உத்தரவு வந்தால் கோர்ட்டுக்குப் போகலாமா?

மாலையில் வீடு திரும்பும் கணவர் முகத்தில் களை இல்லை. சட்டைப் பையில் இருந்து ஒரு தாளை எடுத்து மனைவியிடம் நீட்டுகிறார்.

மாற்றல் உத்தரவு!

பையன் பத்தாம் வகுப்பு. தாயாருக்கு வாரந்தோறும் வைத்தியம். அடுத்த வாரமோ, எங்கோ ஒரு தூரத்து ஊரில் வேலையில் சேர வேண்டும்.

"கோர்ட்டுக்குப் போனால் என்ன?" என்று கேட்கிறார், மனைவி.

சர்க்கார் ஊழியர், வங்கி ஊழியர், மின்வாரிய ஊழியர் வீடுகளில் அடிக்கடி எழும் கேள்வி இது. தாராளமாகப் போகலாம். மத்திய சர்க்கார் ஊழியர்களின் வழக்குகளுக்கு என்றே 1985-ம் ஆண்டு முதல் தனித் தீர்ப்பாயம் இருக்கிறது. அங்கே தோற்றால் ஹைகோர்ட்டு. அதற்கும் மேலே சுப்ரீம் கோர்ட்டு.

ஆனால் என்ன காரணம் சொல்லி வழக்குப் போடுவது? இங்கேதான் பலர் ஏமாந்து போகிறார்கள்.

குடும்பக் கஷ்டம் போதுமா?

ஷில்லாங்கில் மத்திய சர்க்காரின் தாவர ஆய்வு நிலையத்தில் தோட்ட அதிகாரியாக இருந்தார், ஒருவர். 1991-ல் அவரை இமயமலைச் சாரலில் உள்ள பவுரிக்கு மாற்றினார்கள்.

"மனைவிக்கு ஷில்லாங்கில் வேலை. குழந்தைகள் இங்கே படிக்கிறார்கள். என் உடம்பும் சரியில்லை" என்று அவர் முறையிட்டார். கணவன்-மனைவி இருவரும் சர்க்கார் வேலையில் இருந்தால், கூடுமானவரை ஒரே ஊரில் வைக்க வேண்டும் என்று சர்க்காரின் வழிகாட்டுதலே இருக்கிறதே என்றும் கேட்டார்.

நியாயமான கேள்விதான். தீர்ப்பாயமும் மாற்றலை ரத்து செய்தது. ஆனால் 1993-ல் சுப்ரீம் கோர்ட்டு அதைத் தள்ளிவிட்டது!

ஏன் தெரியுமா? வழிகாட்டுதல் வேறு, சட்டம் வேறு. யாரை எங்கே மாற்றுவது என்பது மேல் அதிகாரியின் பொறுப்பு. கெட்ட எண்ணத்தோடு மாற்றினாலோ, சட்ட விதியை மீறி மாற்றினாலோதான் கோர்ட்டு தலையிடும். மற்றபடி, கஷ்டத்தை அதிகாரியிடம்தான் மனுவாகக் கொடுக்க வேண்டும். அதை அவர் பரிசீலிக்க வேண்டும். இதுதான் தீர்ப்பு.

மனு கொடுத்துவிட்டு வீட்டில் உட்கார்ந்து இருக்கலாமா? கூடவே கூடாது. குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவரைச் சூரத்தில் இருந்து உக்காய்க்கு மாற்றினார்கள். அவர் மனு போட்டார். புது ஊரில் சேரவில்லை. வேலையே போய்விட்டது! அது சரிதான் என்று 1989-ல் சுப்ரீம் கோர்ட்டு கூறிவிட்டது. மாற்றலை நிறுத்தி வைக்க உத்தரவு கிடைக்காதவரை, முதலில் போய்ச் சேர வேண்டும், பிறகுதான் வழக்கு.

பகை என்று சொன்னால் போதுமா?

தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்த ஈ.பி.ராயப்பா, 1971-ல் வேறு பதவிக்கு மாற்றப்பட்டார். கெட்ட எண்ணத்தில் செய்த மாற்றல் என்று சுப்ரீம் கோர்ட்டுக்கே போனார். குற்றம் சாட்டுகிறவர்தான் அதை நிரூபிக்க வேண்டும், அதுவும் பலமான சாட்சியத்தோடு என்று கூறி, 1973-ல் மனுவைத் தள்ளினார்கள். தலைமைச் செயலாளருக்கே அந்தக் கதி என்றால், சாதாரண குமாஸ்தா எம்மாத்திரம்!

ஆனாலும் நிரூபித்துக் காட்டினார், ஒரு பெண் அதிகாரி.

பஞ்சாப்-சிந்து வங்கியின் இந்தூர் கிளையில் அவர் தலைமை மானேஜர். சாராயக் கான்டிராக்டர்களின் கணக்குகளில் முறைகேடு நடக்கிறது என்று மேலிடத்துக்குக் கடிதம் மேல் கடிதம் எழுதினார். உயர் அதிகாரி ஒருவர் தனக்குத் தொல்லை கொடுத்ததாகவும் புகார் செய்தார்.

2017 டிசம்பரில் மாற்றல் வந்தது. ஜபல்பூர் மாவட்டத்தில் ஒரு சின்னக் கிளை. அவரைவிடப் பல படி கீழே உள்ள அதிகாரி பார்க்க வேண்டிய வேலை!

அவர் கோர்ட்டுக்குப் போனார். குடும்பக் கஷ்டத்தைச் சொல்லி அல்ல. தான் எழுதிய கடிதங்களைக் காட்டினார். அனுப்பப்பட்ட கிளையின் தரத்தைக் காட்டினார். ஹைகோர்ட்டு மாற்றலை ரத்து செய்தது. வங்கி விடவில்லை, அப்பீல் செய்தது.

சுப்ரீம் கோர்ட்டு வங்கியின் வாதத்தை ஏற்கவில்லை. புகார் கொடுத்ததற்காகப் பழி வாங்கியிருக்கிறார்கள் என்றது. அவரை மீண்டும் இந்தூரிலேயே, அதே அந்தஸ்தில், ஒரு வருடத்துக்கு நியமிக்க வேண்டும். வழக்குச் செலவாக ரூ.50 ஆயிரம் கொடுக்க வேண்டும் என்று உத்தரவிட்டது.

அந்தத் தீர்ப்பு வந்தது, 2020 பிப்ரவரியில். மாற்றல் உத்தரவு கைக்கு வந்து 2 வருடம் கடந்திருந்தது.