நெருப்பு நாட்டில் எல்லாரும் கெட்டவங்களா?



இடைவேளையில் நாங்கள் ‘அவதார்’ விளையாடுவது உங்களுக்குத் தெரியும். நீல மனிதர்கள் வரும் சினிமா இல்லைங்க. 2005 முதல் 2008 வரை வெளிவந்த ‘அவதார்: தி லாஸ்ட் ஏர்பெண்டர்’ என்ற கார்ட்டூன் தொடர். விளையாட்டில் எல்லாருக்கும் ஆங் ஆகணும். நெருப்பு நாட்டுக்காரனாக இருக்க ஒருத்தருக்கும் விருப்பம் இல்லை. அதனால் தினமும் ஒரே நண்பனை அந்தப் பக்கம் தள்ளிவிடுகிறோம். போன வாரம் அது நிஜச் சண்டையாகிவிட்டது. மணி அடித்த பிறகும் நாலு பேர் அவனோடு பேசவில்லை. அந்த நாலு பேரில் நானும் ஒருவன். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

தொடரைப் பார்க்காதவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்கிறேன். அந்த உலகத்தில் நீர், நிலம், நெருப்பு, காற்று என்று நான்கு வகை மக்கள். நெருப்பை ஆட்டிவைப்பவர்களுக்குச் சக்தி தருவது சூரியன். சூரியனும் ஒரு நட்சத்திரம்தானே! கிரகணத்தன்று எட்டு நிமிடம் அவர்களால் ஒரு தீப்பொறிகூட உண்டாக்க முடியாது. நூறு வருடத்துக்கு ஒருமுறை ஒரு வால் நட்சத்திரம் வரும். அன்றைக்கு அவர்கள் சக்தி பல மடங்கு ஏறிவிடும். அப்படி ஒரு நாளில்தான் சோசின் என்ற அரசன் காற்று மக்களை அழித்தான். தப்பியவன் சிறுவன் ஆங். நூறு வருடம் கழித்து சோசினின் பேரன் ஓசாய் அதே வால் நட்சத்திரத்தை வைத்து நில நாட்டையே எரிக்கப் பார்க்கிறான்.

அப்போ நெருப்பு என்றாலே கெட்டது என்று நினைக்கத் தோன்றும். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் தொடரைக் கவனித்துப் பார்த்தால் அந்த ஒரே நாட்டுக்குள் இரண்டு கொள்கைக்காரர்கள் இருக்கிறார்கள்.

ஒரு கட்சி ஓசாயுடையது. “நாம்தான் உயர்ந்தவர்கள், போர் செய்து நம் பெருமையை உலகத்துக்குக் கொடுக்கிறோம்” என்பது அவர்கள் எண்ணம். இதைப் பிள்ளைகளுக்குப் பள்ளியிலேயே ஊட்டுகிறார்கள். மூன்றாம் பாகத்தில் ஆங் மாறுவேடத்தில் ஒரு நெருப்பு நாட்டுப் பள்ளிக்குப் போவான். காற்று மக்களின் படையைச் சோசின் தோற்கடித்தான் என்று அங்கே பாடம் நடக்கும். காற்று மக்களுக்குப் படையே கிடையாது! உண்மையைச் சொன்ன ஆங்கை யாரும் நம்பவில்லை. அந்தப் பிள்ளைகள் கெட்டவர்களா? இல்லை. அவர்களுக்குக் கிடைத்த பாடம் பொய்.

இன்னொரு கட்சி ஐரோ தாத்தாவுடையது. இவர் ஓசாயின் சொந்த அண்ணன். ஒரு காலத்தில் பா சிங் சே நகரத்தை 600 நாள் முற்றுகையிட்ட தளபதி. அங்கே தன் மகனைப் பறிகொடுத்தார். அதன் பிறகு மனிதரே மாறிவிட்டார். கடைசி டிராகனைக் கொன்றவர் என்று ஊரே இவரைப் புகழ்ந்தது. உண்மையில் இரண்டு டிராகன்களைக் காப்பாற்றத்தான் அந்தப் பொய்யைச் சொன்னார்.

ஓசாயின் மகன் ஜூக்கோவைப் பாருங்கள். அவன் நெருப்பு கோபத்திலிருந்து வந்தது. ஆங்கின் பக்கம் சேர்ந்ததும் கோபம் போய்விட்டது, நெருப்பும் சுருங்கிவிட்டது. பிறகு இரண்டு பேரும் பழைய சூரிய வீரர்களிடமும் அந்த டிராகன்களிடமும் போய், நெருப்பு என்றால் உயிரும்தான் என்று கற்றுக்கொள்கிறார்கள். ஓசாய்க்கும் ஜூக்கோவுக்கும் ஒரே சூரியன், ஒரே சக்தி. கற்ற பாடம்தான் வேறு.

சரி, எதிர்ப்பக்கம் இருப்பவர்கள் எல்லாரும் நல்லவர்களா? ஜெட் என்ற பையனின் ஊரை நெருப்பு நாட்டுப் படை அழித்தது. அவன் கோபம் நியாயம். ஆனால் அவன் செய்யப் பார்த்தது என்ன? அணையை உடைத்து, குழந்தைகளும் பெரியவர்களும் இருக்கும் ஓர் ஊரையே மூழ்கடிக்க! நல்ல கட்சியில் நின்றுகொண்டே இதைச் செய்யத் துணிந்தான். ஆக, எந்தப் பக்கம் நிற்கிறோம் என்பது மட்டும் ஒருவரை நல்லவராக்கிவிடாது.

“அப்போ ஓசாயையும் மன்னிச்சு விட்டுடணுமா?” என்று சிலர் கேட்கலாம். வேண்டாம். ஆங் அவனைக் கொல்லவில்லை. ஆனால் சக்தியைப் பறித்துவிட்டான். ஓசாய் சிறைக்குப் போனான். தப்பு செய்தவனுக்குத் தண்டனை உண்டு. அவன் நாட்டில் பிறந்த எல்லாருக்கும் அது கிடையாது. அந்த நாட்டுக்குக் கடைசியில் ஜூக்கோவே அரசன் ஆகிறான்.

நண்பர்களே, ஒருத்தனைத் தினமும் “நீ எதிரி” என்று சொல்லிக்கொண்டே இருந்தால், விளையாட்டு முடிந்தாலும் அது முடியாது. நாமும் அந்த நெருப்பு நாட்டுப் பள்ளி மாதிரி ஒரு பொய்ப் பாடத்தைத்தான் நடத்துகிறோம். இது என் கருத்து. தப்பாக இருந்தால் அடுத்த இதழில் பதில் எழுதுங்கள்.

நண்பா, நீ இதைப் படிப்பாய் என்று தெரியும். நான் பேசாமல் இருந்தது தப்பு. நாளைக்கு நீ ஆங். நெருப்பு நாட்டுக்காரனாக நான் நிற்கிறேன்.



– ஒன்பதாம் வகுப்பு மாணவன்