நமது பாடசாலை மதிலில் என்ன வரையப் போகிறோம்?



கொஞ்சம் நீளமான பதிவு. பிள்ளைகளைப் பாடசாலைக்கு அனுப்பும் பெற்றோர் நேரம் எடுத்து வாசித்தால் நல்லது.

போன தவணையில் தரம் 7 பிள்ளைகளுக்கு ஒரு சின்ன வேலை கொடுத்தோம். வீட்டிலிருந்து பாடசாலைக்கு வரும் வழியை ஒரு தாளில் வரைந்து வாருங்கள், வழியில் காண்பதையெல்லாம் போடுங்கள் என்று சொன்னோம். அளவு சரியாக இருக்கத் தேவையில்லை, புள்ளியும் கிடையாது. உடனே ஒரு மகன் எழும்பி, "சேர், போனைப் பார்த்து வரையலாமா?" என்று கேட்டார். வகுப்பே சிரித்தது. நாங்களும் சிரித்தோம்.

அடுத்த நாள் தாள்களை மேசையில் பரப்பியபோது சிரிப்பு வரவில்லை. பிரதான வீதி இருந்தது. வங்கி, பார்மசி, கோழிக்கடை, டியூஷன் வகுப்பு, போன் கோபுரம் எல்லாம் இருந்தன. கடைப் பலகையில் உள்ள எழுத்தைக்கூட அப்படியே போட்டிருந்தார்கள். ஆனால் பாதிக்கு மேற்பட்ட தாள்களில் கடல் இல்லை. பாடசாலை வாசலில் நின்றால் கடல் இரைவது கேட்கும் ஊர் நம்முடையது. கிழக்கே கடல், மேற்கே வயல், நடுவே நீளமாக நமது வீடுகள். அந்த ஊரின் பிள்ளைகள் கடலையும் விட்டிருந்தார்கள், வயலையும் விட்டிருந்தார்கள்.

இதில் பிள்ளைகளைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. காலையில் மோட்டார் சைக்கிளில் ஏற்றிப் பாடசாலை வாசலில் இறக்குகிறோம். பின்னேரம் டியூஷன் வாசலில் இறக்குகிறோம். ஒழுங்கையால் நடந்து போகும் பிள்ளையைக் கண்டால் "யாருட பிள்ளை இது, வெயிலுக்குள்ள தனியத் திரியுது?" என்று நாமே கேட்கிறோம். நடக்காத வழியைப் பிள்ளை எப்படி வரையும்?

நமது உம்மம்மாமார் வழி சொன்னதை நினைத்துப் பாருங்கள். "பெரிய பள்ளிக்குப் பின்னால போ மகன், வேப்பமரத்தடியில திரும்பு, தறிச் சத்தம் கேட்கும், அதுக்கு அடுத்த வளவு." அதில் மரம் இருந்தது, சத்தம் இருந்தது, யார் எங்கே இருக்கிறார்கள் என்ற சங்கதியும் இருந்தது. வழி கேட்டு வந்தவர் ஊரையும் கொஞ்சம் அறிந்துகொண்டு போனார். இன்று "லொகேஷன் அனுப்புங்க" என்ற இரண்டு சொல்லோடு விஷயம் முடிகிறது. கூகுள் மேப்பைத் திறந்தால் நாம் ஒரு நீலப் புள்ளியாக நடுவில் நிற்கிறோம். நாம் அசைந்தால் ஊர் நம்மைச் சுற்றி நகர்கிறது. வசதிதான். ஆனால் நமக்கும் கடலுக்கும், நமக்கும் பள்ளிவாசலுக்கும் எந்தத் திசை என்று யோசிக்கும் வேலையை அது நம்மிடமிருந்து எடுத்துவிடுகிறது.

அன்றே வகுப்பில் இன்னொன்றும் செய்து பார்த்தோம். "எல்லோரும் எழும்பி கிப்லாவைக் கையால் காட்டுங்கள்" என்றோம். கைகள் நாலா பக்கமும் போயின. ஐந்து வேளையும் தொழும் பிள்ளைகள்தான். வீட்டில் முஸல்லா விரித்திருக்கும் பக்கம் அவர்களுக்குத் தெரியும். வெளியே வந்தால் போனில் பார்ப்போம் என்கிறார்கள். நமது ஊரில் இதற்குப் போனே தேவையில்லை. கடலை முதுகுக்குப் பின்னால் விட்டு, வயல் பக்கம் திரும்பி, கொஞ்சம் வடக்கே சாய்ந்தால் போதும். போனிலுள்ள திசைகாட்டி இரும்புக்கும் காந்தத்துக்கும் பக்கத்தில் தடுமாறும். கடல் இடம் மாறாது.

அந்தத் தாள்களில் ஒன்றைப் பற்றிக் கட்டாயம் சொல்லவேண்டும். ஒரு மகள் கடலைத் தாளின் மேல்பக்கத்தில் வரைந்திருந்தார். கீழே வயல், இடது பக்கம் வடக்கு. "வடக்கு மேலே வரவேண்டும், இது பிழை" என்று முதலில் நாங்களும் சொல்லப் பார்த்தோம். ஏன் இப்படி வரைந்தாய் என்று கேட்டதற்கு, "எங்கட வீட்டு வாசல்ல இருந்து பார்த்தா முன்னுக்குத் தெரியிறது கடல்தானே டீச்சர்" என்று சித்திர ஆசிரியையிடம் சொல்லியிருக்கிறார். அப்போதுதான் அல்-இத்ரீஸி நினைவுக்கு வந்தார். சிசிலி மன்னர் இரண்டாம் ரோஜருக்காக 1154இல் அவர் முடித்துக் கொடுத்த உலகப் படத்தில் தெற்குதான் மேலே இருக்கிறது. வடக்கு மேலே என்பது பிறகு வந்த ஒரு வழக்கம். எங்கே நின்று பார்க்கிறோம் என்பதை வைத்துத்தான் படம் வரையப்படுகிறது. அந்த மகள் தன் வீட்டு வாசலில் நின்று வரைந்திருக்கிறார். இந்தப் பாடத்தை நாங்கள் அவரிடம்தான் படித்தோம்.

படம் வரைவது ஏதோ ஓய்வுநேர வேலை என்று நாம் நினைக்கிறோம். ஒரு இடம் நமக்கு எப்படித் தோன்றுகிறது, அங்கே நாம் எப்படி நடக்கிறோம் என்பதைப் படமும் கட்டடமும் இப்போது போனும் சேர்ந்து மாற்றிவிடுகின்றன. நாம் அறிந்த மூன்று இடங்களைப் பார்ப்போம்.

முதலாவது, கொழும்பு புறக்கோட்டையிலுள்ள சம்மாங்கோட்டுப் பள்ளிவாசல். ஹபீபு லெப்பை ஸாய்பு லெப்பை என்பவர் வரைந்து கட்டுவித்து 1909இல் முடித்த பள்ளி. சிவப்பும் வெள்ளையுமான வரிகள், மாதுளம்பழம் போன்ற குவிமாடங்கள். துறைமுகத்துக்கு வரும் கப்பல்காரர்கள் தூரத்திலிருந்தே அதை அடையாளம் வைத்துக் கொழும்பை அறிந்தார்கள் என்று சொல்வார்கள். வியாபாரத்துக்கு வந்த மக்கள் தொழுவதற்குக் கட்டிய ஒரு பள்ளி நகரத்துக்கே முகமாகிவிட்டது. இன்று உலகின் பல பக்கங்களிலிருந்தும் ஆட்கள் வந்து அதன் முன் நின்று போட்டோ எடுத்துப் போகிறார்கள். நல்லதுதான். ஆனால் நமது பிள்ளைகளும் கொழும்புக்குப் போனால் அங்கே போட்டோ மட்டும் எடுத்துக்கொண்டு வருவதைக் காண்கிறோம். உள்ளே போய் இரண்டு ரக்அத் தொழுது, அந்தத் தூண்களை நிமிர்ந்து பார்த்தவர்கள் எத்தனை பேர்?

இரண்டாவது, 2019 நவம்பர். ஜனாதிபதித் தேர்தல் முடிந்த கையோடு நாட்டின் பல ஊர்களிலும் இளைஞர்கள் பெயின்ட் வாளியோடு வீதிக்கு வந்து மதில்களில் ஓவியம் தீட்டினார்கள். பேஸ்புக்கில் ஒன்றைப் பார்த்து அடுத்த ஊர் தொடங்கியது. அழுக்கு மதில்கள் அழகானதை யாரும் மறுக்க முடியாது. ஆனால் பல மதில்களில் மன்னர்களும் போர்வீரர்களும்தான் வந்தார்கள். அதே வருடம் ஏப்ரலில் நடந்த தாக்குதலுக்குப் பிறகு நாம் எப்படித் தலைகுனிந்து நடந்தோம் என்பது நமக்குத் தெரியும். அறபு எழுத்துப் பலகைகள் சர்ச்சையாகிப் பல இடங்களில் கழற்றப்பட்ட காலம் அது. அந்த மதில்களைக் கடக்கும்போது இதில் நாமும் எங்காவது இருக்கிறோமா என்று கண்ணால் தேடியவர்கள் நம்மில் பலர்.

மூன்றாவது, 2022 ஏப்ரல், காலிமுகத்திடல். அதே புல்தரை, அதே கடல். கூடாரம் போட்டார்கள், நூலகம் வைத்தார்கள், ஓவியம் வரைந்தார்கள், அதற்கு ஒரு கிராமத்தின் பெயரும் சூட்டினார்கள். அந்தப் பெயர் கூகுள் மேப்பிலும் வந்தது. ரமழானில் அங்கே எல்லா மதத்தவரும் நம்மோடு இருந்து நோன்பு திறந்தார்கள். அரசியலில் யாருக்கு என்ன கருத்து இருந்தாலும், ஒரு வெட்டவெளியை எல்லோருக்கும் இடமுள்ள ஊராக மாற்றுவதற்குப் போனும் தூரிகையும் உதவின என்பது உண்மை. ஆகவே நமக்குப் போனோடும் சண்டையில்லை, பெயின்டோடும் சண்டையில்லை. அது யார் கையில் இருக்கிறது, எதைக் காட்டுகிறது என்பதுதான் கேள்வி.

இப்போது நமது மதிலுக்கு வருவோம்.

பிரதான வீதியோரம் இருக்கும் பாடசாலை மதிலைப் புதுப்பிக்க நல்ல மனம் படைத்தவர்கள் முன்வந்திருக்கிறார்கள். அல்ஹம்துலில்லாஹ். கூட்டத்தில் வந்த யோசனை, டிஜிட்டல் பிரிண்ட் பெனர் அடித்து மதில் முழுக்க ஒட்டுவது. கார்ட்டூன் படங்கள், ஆங்கிலப் பொன்மொழிகள், மூலையில் செல்பி எடுக்க ஒரு சட்டகம். இரண்டு நாளில் வேலை முடியும், பளிச்சென்று இருக்கும் என்றார்கள். சொன்னவர்களின் நல்லெண்ணத்தில் நமக்குச் சந்தேகமில்லை. ஆனால் அந்தப் பெனரை எந்த ஊர் மதிலில் ஒட்டினாலும் ஒன்றுதான். அதில் நமது ஊர் இல்லை. கடற்காற்றிலும் வெயிலிலும் அது எத்தனை மாதம் நிற்கும் என்பதும் நமக்குத் தெரியும்.

எங்கள் யோசனை இது. அந்த மதிலில் பிள்ளைகளே நமது ஊரை வரையட்டும். ஒரு பெரிய ஊர்ப்படம். கடல், தோணி, வாடி, பள்ளிவாசல்கள், தறி, வயல், வாய்க்கால், ஒழுங்கைகள், அவற்றின் பழைய பெயர்கள்.

உயிருள்ளவற்றை வரைவது பற்றிச் சில பெற்றோர் கேட்பார்கள். நியாயமான கேள்வி. ஊர்ப்படத்துக்கு மனித உருவமோ மிருக உருவமோ தேவையே இல்லை. கோடும் மரமும் கட்டடமும் அழகான எழுத்தும் போதும். நமது பாரம்பரியக் கலை வளர்ந்ததே எழுத்தாலும் பூக்கொடியாலும் கோலக்கணக்காலும்தான்.

படிப்பு கெடும் என்று சிலர் சொல்வார்கள். அளவு, திசை, குறியீடு எல்லாம் புவியியல் பாடம். ஒழுங்கைக்குப் பெயர் எப்படி வந்தது என்பது வரலாறு. மூத்தவர்களிடம் கேட்டு எழுதுவது தமிழ். இதைவிட வேறென்ன படிப்பு?

இதை நாங்கள் இவ்வளவு வற்புறுத்துவதற்கு அழகு மட்டும் காரணமில்லை. 2004 டிசம்பர் 26இல் கடல் எதுவரை வந்தது என்பதை நமது வயதுக்காரர் கைநீட்டிக் காட்டுவோம். தரம் 7 பிள்ளைகள் அதற்குப் பிறகு பிறந்தவர்கள். அவர்களுக்கு அது வருடாவருடம் துஆக் கேட்கும் ஒரு நாள் மட்டும்தான். அதற்கு அடுத்த வருடம் வடக்கு கிழக்கில் கரையிலிருந்து 200 மீற்றருக்குள் வீடு கட்டக்கூடாது என்று ஒரு கோடு போட்டார்கள். தூரத்தில் யாரோ தாளில் இழுத்த அந்தக் கோடு எத்தனை குடும்பங்களைக் கூடாரத்தில் காக்கவைத்தது! பின்னர் கோட்டைத் தளர்த்தினார்கள். தன் ஊரின் படத்தை வாசிக்கத் தெரியாதவர்கள் அப்படியொரு கோடு வரும்போது என்ன கேள்வி கேட்பார்கள்?

மாரி காலத்தில் தண்ணீர் எந்த வீதியைக் குறுக்கறுத்துப் பாயும் என்பதும் அப்படித்தான். 2024 நவம்பர் வெள்ளத்தில் மாவடிப்பள்ளி வீதியில் உழவு இயந்திரத்தோடு அள்ளுண்டு போன மத்ரஸாப் பிள்ளைகளை இந்தப் பிரதேசம் மறக்காது. அல்லாஹ் அவர்களைப் பொருந்திக்கொள்வானாக. மதிலில் ஒரு படம் இருந்திருந்தால் தடுத்திருக்கலாம் என்று நாங்கள் சொல்லவரவில்லை. அது கத்ர். ஆனால் தண்ணீர் எந்தப் பக்கமிருந்து வரும், எந்தப் பக்கம் வடியும், மேடான நிலம் எது என்பதை அறிந்த பிள்ளைகளாக வளர்ப்பது நம்மேல் உள்ள பொறுப்பு. அந்த அறிவு இன்னும் வயல்காரர்களிடமும் கடற்றொழிலாளர்களிடமும் இருக்கிறது. அவர்களிடமிருந்து பிள்ளைகளுக்கு வரும் வழிதான் அடைபட்டுக் கிடக்கிறது.

போனை எறியச் சொல்லவில்லை. நள்ளிரவில் 1990 அம்பியூலன்ஸை அழைத்தால் லொகேஷன்தான் கைகொடுக்கும். கூகுள் மேப்பில் நமது ஒழுங்கைகளின் பெயர் பிழையாகவோ இல்லாமலோ இருந்தால் திருத்தம் அனுப்பவும் வழியிருக்கிறது. பெரிய வகுப்பு மாணவர்கள் அதைச் செய்யட்டும், சின்னவர்கள் மதிலில் வரையட்டும். இரண்டுக்கும் முதலில் ஊரைச் சுற்றி நடக்கவேண்டும்.

அடுத்த கூட்டத்தில் முடிவு எடுக்கப்படும். அதற்கு முன் மூன்று விடயங்களைக் கேட்டுக்கொள்கிறோம்.

ஒன்று, மதில் பற்றிய உங்கள் கருத்தைக் கூட்டத்துக்கு வந்து சொல்லுங்கள். எதிர்க் கருத்தாக இருந்தாலும் வாருங்கள்.

இரண்டு, ஒரு வெள்ளிக்கிழமை அஸருக்குப் பிறகு உங்கள் பிள்ளையோடு வீட்டிலிருந்து கடற்கரைக்கு நடந்து போங்கள். போனை வீட்டில் வைத்துவிட்டுப் போங்கள். வழியில் என்ன இருந்தது, இப்போது என்ன இருக்கிறது என்று சொல்லிக்கொண்டே நடவுங்கள்.

மூன்று, உங்கள் ஒழுங்கையின் பழைய பெயர் தெரிந்தால் கீழே எழுதுங்கள். தெரியாவிட்டால் வீட்டிலுள்ள உம்மம்மாவிடமோ மூத்தாப்பாவிடமோ கேட்டு எழுதுங்கள். அவர்கள் இருக்கும்போதே கேட்டுவிடுங்கள்.

கடலை மேலே வரைந்த அந்த மகளின் தாளை அலுமாரியில் பத்திரமாக வைத்திருக்கிறோம். மதிலுக்கு முதல் கோடு அதிலிருந்துதான் வரவேண்டும் என்பது எங்கள் ஆசை, இன்ஷா அல்லாஹ்.